தொழிலாளி முதலாளியான கதை

ஓட்டுச் சாவடிக்குள் நுழைகிற ஆலைத் தொழிலாளி அன்று ஒரு நாள் ராஜா. மந்திரிகளை உட்கார வைக்கவும் இறக்கவும் அவனுக்கு அதிகாரம் உண்டு. மறுநாள் காலையில் ஆலைச் சங்கு ஊதுகிறது. வாசலைத் தாண்டி உள்ளே போனதும் அந்த அதிகாரம் எங்கேயோ போய்விடுகிறது. தன் மேஸ்திரி யார் என்பதை அவன் தீர்மானிக்க முடியாது. ஆலைக்கு லாபம் எவ்வளவு என்பது அவனுக்குத் தெரியாது. நாளைக்கு ஆலையை மூடப் போகிறார்களா என்பதைக்கூடப் பத்திரிகையைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். நாட்டை ஆளத் தகுதியுள்ளவன் என்று அரசியல் சட்டம் ஒப்புக்கொண்ட ஒருவனுக்கு, பகல் முழுவதும் அவன் நிற்கிற இடத்தைப் பற்றிப் பேச மட்டும் தகுதி இல்லாமல் போவானேன்?

'பொருளாதார ஜனநாயகம்' என்று பெரிய பெயர் வைத்து அறிஞர்கள் ஆராய்கிற விஷயம் இந்தச் சின்னக் கேள்விதான். ராபர்ட் டால் என்ற அமெரிக்க அரசியல் அறிஞர் 1985ல் இதைப் பற்றி ஒரு புத்தகமே எழுதினார். நாட்டை ஆள்வதற்கு ஜனநாயகம் நியாயம் என்றால், தொழிற்சாலையை ஆள்வதற்கும் அதே நியாயம் பொருந்த வேண்டும் என்பது அவருடைய வாதம். வாதத்தில் ஓட்டை காண்பது கடினம். ஆனால் வாதங்களை எல்லாம் சோதித்துப் பார்ப்பதற்கு மனிதர்கள் என்று ஒரு பிராணி இருக்கிறதே! கதை எழுதுகிறவனுக்கு அந்தப் பிராணியிடம்தான் அக்கறை. ஆகையால் வாசகர்களை நான் புத்தக அலமாரிக்கு அழைத்துப் போகாமல், இங்கிலாந்தில் லங்காஷயர் பகுதியிலுள்ள ராச்டேல் என்ற நெசவாளர் ஊருக்கு அழைத்துப் போகிறேன். அங்கே 1862ல் நடந்த ஓர் ஓட்டெடுப்பு, பல தத்துவ நூல்கள் சொல்லத் தயங்குகிற ஒன்றைப் பட்டென்று சொல்லிவிடுகிறது.

அதற்கு முன்னால் ராபர்ட் ஓவனைப் பற்றி இரண்டு வார்த்தை. 1800ம் வருஷத்தில் ஸ்காட்லாந்திலுள்ள நியூ லனார்க் நூற்பாலையின் நிர்வாகத்தை ஏற்ற ஓவன், நல்ல முதலாளி எப்படி இருக்கலாம் என்பதற்கு உதாரண புருஷர். பத்து வயதுக்கு உட்பட்ட குழந்தைகளை வேலைக்கு எடுக்க மறுத்தார். அவர்களுக்குப் பள்ளிக்கூடம் கட்டினார். வேலை நேரத்தைக் குறைத்தார். அப்படியும் லாபம் வந்தது. ஐரோப்பாவின் பெரிய மனிதர்கள் எல்லாம் வண்டி கட்டிக்கொண்டு வந்து பார்த்து வியந்து போனார்கள். ஆனால் பிற்காலத்தில் ஓவனே ஓர் உண்மையை ஒப்புக்கொண்டார்: அந்த ஜனங்கள் தம்முடைய தயவில் இருந்தவர்கள். தயவுள்ள முதலாளி போய்த் தயவில்லாத முதலாளி வந்தால் என்ன ஆகும்? ஓவனுடைய கருணை இந்தக் கேள்விக்கு விடை சொல்லவில்லை. பின்னால் 1825ல் அமெரிக்காவுக்குப் போய் 'நியூ ஹார்மனி' என்று ஒரு சமத்துவக் குடியிருப்பை அமைத்தார். இரண்டு மூன்று வருஷங்களுக்குள் அது சண்டை சச்சரவில் கலைந்தது.

இனி ராச்டேல். 1844ல் அந்த ஊர்க் கம்பளி நெசவாளர்களின் நிலைமை பரிதாபமானது. கூலி உயர்வு கேட்டுப் போராடித் தோற்றிருந்தார்கள். சிலர் ஓவனைப் பின்பற்றியவர்கள். சிலர், தொழிலாளிக்கும் பார்லிமெண்ட் ஓட்டு வேண்டும் என்று போராடிய சாசன இயக்கத்தார். அவர்களில் இருபத்தெட்டுப் பேர் சேர்ந்து, வாரம் இரண்டு பென்ஸ், மூன்று பென்ஸ் என்று சேமித்து, ஆளுக்கு ஒரு பவுனாக 28 பவுன் திரட்டினார்கள். அந்த மூலதனத்தோடு டோட் லேன் என்ற தெருவில் ஒரு பழைய கிடங்கின் கீழ்த்தளத்தில் 1844 டிசம்பர் 21ந் தேதி இரவு ஒரு கடை திறந்தார்கள். சரக்கு கொஞ்சம் வெண்ணெய், சர்க்கரை, கோதுமை மாவு, ஓட்ஸ் மாவு. கதவைத் திறந்தபோது ஆலையில் வேலை செய்யும் பையன்கள் தெருவில் கூடி நின்று கேலி செய்தார்கள் என்று, இந்தச் சங்கத்தின் சரித்திரத்தை எழுதிய ஹோலியோக் சொல்லுகிறார்.

கேலி செய்யத்தக்க கடைதான். ஆனால் அதன் விதிகளைப் பாருங்கள். கலப்படம் கிடையாது, எடை குறையாது, கடன் கிடையாது. மூலதனத்துக்கு ஓர் அளவான வட்டி மட்டும். மிஞ்சுகிற லாபம், யார் எவ்வளவு வாங்கினார்களோ அந்தக் கணக்குப்படி திரும்பிப் போகும். எத்தனை பங்கு வைத்திருந்தாலும் ஒருவருக்கு ஒரே ஓட்டு. பெண்களும் உறுப்பினர் ஆகலாம். அவர்களுக்கும் அதே ஓட்டு. அந்த நெசவாளர்களில் அநேகமாக யாருக்கும் அப்போது பார்லிமெண்ட் தேர்தலில் ஓட்டு இல்லை. நகரத் தொழிலாளர் பலருக்கு அது 1867ல்தான் கிடைத்தது. பெண்கள் 1918 வரையில் காத்திருந்தார்கள். ராஜ்யம் தர மறுத்த ஓட்டை ஒரு மளிகைக் கடை தந்துவிட்டது!

கடை வளர்ந்தது. பத்துப் பன்னிரண்டு வருஷத்தில் உறுப்பினர் தொகை ஆயிரத்தைத் தாண்டியது. உலகமெங்கும் கூட்டுறவுப் பண்டகசாலைகளுக்கு அதுவே முன்மாதிரி ஆயிற்று. 1904ல் சென்னை திருவல்லிக்கேணியில் தோன்றிய நகரக் கூட்டுறவுச் சங்கமும் அந்த வம்சத்தைச் சேர்ந்ததுதான். ஆனால் ராச்டேல்காரர்களின் கனவு மளிகையோடு நிற்கவில்லை. வீடு கட்ட வேண்டும், நிலம் வாங்க வேண்டும், வேலையற்ற உறுப்பினர்களுக்கு வேலை தரும் தொழிற்சாலை நடத்த வேண்டும் என்று முதல் வருஷத்துத் திட்டத்திலேயே எழுதி வைத்திருந்தார்கள்.

அதன்படி 1854ல் கூட்டுறவு உற்பத்திச் சங்கம் ஒன்று தோன்றியது. முதலில் வாடகை இடத்தில் நெசவு. பிறகு மிட்செல் ஹே என்ற பெரிய சொந்த ஆலை. அங்கேதான் புது விதி ஒன்று வந்தது. மூலதனத்துக்கு முதலில் வட்டி. அதற்குமேல் மிஞ்சும் லாபத்தில் பங்குதாரருக்கு ஒரு பகுதி. ஆலையில் உழைத்தவர்களுக்கு அவர்கள் வாங்கிய கூலியின் விகிதப்படி இன்னொரு பகுதி. பணம் போட்டவனும் பாடுபட்டவனும் லாபத்தின் முன்னால் சரிசமம். இது நடந்தேறினால் உலகத்தில் பெரிய மாறுதலே வந்துவிடும் என்று பலர் நம்பினார்கள்.

ஆலையும் லாபத்தில் ஓடியது. அதுவே வினை ஆயிற்று! லாபம் தருகிற ஆலையில் பங்கு வாங்க யாருக்குத்தான் ஆசை இருக்காது? ராச்டேலிலும் சுற்றுப்புறத்திலும் இருந்தவர்கள் பலர் பங்கு வாங்கினார்கள். அவர்களில் பெரும்பாலோர் மிட்செல் ஹே ஆலைக்குள் வேலை செய்பவர்கள் அல்ல. ஆலைக்குள் வேலை செய்தவர்களிலோ பங்கு இல்லாதவர்கள் ஏராளம். சங்கத்தின் கூட்டத்தில் கை தூக்கும் உரிமை பங்குதாரருக்கு உண்டு. தறிக்குப் பக்கத்தில் நிற்பவருக்கு, பங்கு இல்லாவிட்டால், கிடையாது.

1860ல் ஒரு யோசனை கிளம்பியது. உழைப்புக்கு லாபப் பங்கு எதற்கு, அதை ரத்துச் செய்துவிடலாமே என்று. ஆதரித்தவர்களே அதிகம், ஆனாலும் விதியை மாற்றத் தேவையான அளவு ஓட்டு சேரவில்லை. 1862ல் மறுபடியும் கொண்டுவந்தார்கள். இந்தத் தடவை நிறைவேறிவிட்டது. பழைய முன்னோடிகள் சிலர் எதிர்த்துப் பார்த்தார்கள், பயனில்லை. அமெரிக்க உள்நாட்டு யுத்தத்தால் பருத்தி வராமல் லங்காஷயர் ஆலைகள் தவித்த காலம் அது. அந்தக் கஷ்டத்தின்மேல் பழியைப் போட்டுவிடலாம் என்று தோன்றும். ஆனால் முதல் முயற்சி நடந்த 1860ல் யுத்தமே ஆரம்பிக்கவில்லை.

இந்த இடத்தில்தான் நாவலாசிரியனுக்கு வேலை வருகிறது. கை தூக்கியவர்கள் யார்? சுருட்டுப் புகைக்கும் கோடீசுவரர்களா? இல்லை. பெரும்பாலும் நெசவாளர், செருப்புத் தைப்பவர், தச்சர், சின்னக் கடைக்காரர். பென்ஸ் பென்ஸாகச் சேர்த்துப் பங்கு வாங்கியவர்கள். அவர்கள் பக்கத்து நியாயத்தையும் கேட்க வேண்டும். 'நாங்களும் வேறு ஆலையில் உழைக்கிறவர்கள்தாம். எங்களுக்கு எந்த முதலாளி லாபத்தில் பங்கு தருகிறான்? இந்த ஆலை ஆட்களுக்கு ஊரில் நடக்கிற கூலி கிடைக்கிறது. நஷ்டம் வந்தால் போவது எங்கள் பணம். பின் லாபம் வந்தால் மட்டும் அவர்களுக்கு ஏன் கொடுக்க வேண்டும்?'

கேட்டால் நியாயமாகத்தான் இருக்கிறது. இந்த நியாயத்தை நாம் முன்பே எங்கோ கேட்டிருக்கிறோம் அல்லவா? ஆம், எந்த முதலாளியைப் பார்த்து அந்த நெசவாளர்கள் 1844ல் மனம் கசந்தார்களோ, அந்த முதலாளியும் இதையேதான் சொன்னான். பதினெட்டு வருஷத்தில் வாதம் மாறவில்லை; பேசுகிறவர் உட்கார்ந்த நாற்காலிதான் மாறியிருந்தது.

இந்தச் செய்தி அன்றைய சிந்தனையாளர்களை நன்றாக உலுக்கியது. ஜான் ஸ்டூவர்ட் மில் 1848ல் பொருளாதார நூல் ஒன்றை வெளியிட்டார். அந்த வருஷம் பிரான்சில் புரட்சி நடந்தது. அதையொட்டிப் பாரிஸில் தொழிலாளர்களே சொந்தமாகப் பட்டறைகள் நடத்தத் தொடங்கினார்கள். கையில் காசில்லாமல் ஆரம்பித்து, வயிற்றைக் கட்டி வாயைக் கட்டி முன்னுக்கு வந்த பியானோத் தொழிலாளர் சங்கத்தைப் பற்றி மில் ஆர்வத்தோடு விவரித்திருக்கிறார். 1852ல் வந்த மூன்றாம் பதிப்பில் அவருடைய குரலே மாறிவிட்டது. மனித குலம் முன்னேறுமானால், தொழிலாளர்கள் சமமாகச் சேர்ந்து, மூலதனத்தைத் தாங்களே பொதுவில் வைத்துக்கொண்டு, தாங்களே தேர்ந்தெடுக்கவும் நீக்கவும் கூடிய நிர்வாகிகளின் கீழ் வேலை செய்யும் முறையே கடைசியில் மேலோங்கும் என்று எழுதினார். தொழிலாளரின் எதிர்காலம் பற்றிய அந்த அத்தியாயம் தம் மனைவி ஹாரியட் டெய்லரின் சிந்தனை என்று சுயசரிதத்தில் மனம் திறந்து சொல்லியிருக்கிறார்.

அவ்வளவு நம்பிக்கை வைத்த மில்லே எச்சரிக்கவும் செய்தார். கூட்டுறவுச் சங்கம் வெளி ஆட்களைக் கூலிக்கு வைத்துக்கொண்டு, அவர்களுக்கு லாபத்தில் பங்கு தராமல் நடக்கத் தொடங்கினால், அது தன் தனிச் சிறப்பையும் பலத்தையும் இழந்துவிடும் என்றார். கார்ல் மார்க்ஸ் 1864ல் சர்வதேசத் தொழிலாளர் சங்கத்தின் தொடக்க அறிக்கையில், முதலாளி வர்க்கம் இல்லாமலே பெரிய அளவில் உற்பத்தி நடக்க முடியும் என்பதைக் கூட்டுறவு ஆலைகள் செயலில் நிரூபித்துவிட்டன என்று புகழ்ந்தார். பியாட்ரிஸ் பாட்டர் 1891ல் எழுதிய நூலில் இந்தப் புகழ்ச்சியைக் கலைத்தார். தொழிலாளர் நடத்தும் உற்பத்திச் சங்கங்கள் ஒன்று படுத்துவிடும், அல்லது சாதாரணக் கம்பெனியாக மாறிவிடும் என்பது அந்த அம்மையாரின் தீர்ப்பு. மிட்செல் ஹே அவர் பக்கத்துச் சாட்சியாக நின்றது.

அந்தத் தீர்ப்பை மாற்ற எழுந்த முயற்சிகளில் மிகப் பெரியது ஸ்பெயின் தேசத்தில், பாஸ்க் மலைப் பகுதியில் உள்ள மொண்ட்ராகன் என்ற ஊரில் நடந்தது. உள்நாட்டு யுத்தத்தில் தோற்ற பக்கத்தில் இருந்து சிறையும் கண்ட ஹோசே மரியா அரிஸ்மெண்டியாரியெட்டா என்ற ஒற்றைக் கண் பாதிரியார் 1941ல் அங்கே வந்து சேர்ந்தார். 1943ல் ஒரு தொழிற்பள்ளி ஆரம்பித்தார். அந்தப் பள்ளியில் உருவான இளைஞர்கள் ஐந்து பேர் 1956ல் 'உல்கோர்' என்ற பட்டறையைத் தொடங்கினார்கள். தங்கள் ஐவர் பெயரின் எழுத்துக்களைக் கோத்து வைத்த பெயர் அது. முதலில் செய்த சாமான் எண்ணெய் அடுப்பு. 1959ல் தொழிலாளருக்கென்றே ஒரு வங்கி வைத்தார்கள்.

ராச்டேலில் திறந்து கிடந்த ஓட்டையை இவர்கள் விதியால் அடைத்தார்கள். உறுப்பினராக வேண்டுமானால் அங்கே வேலை செய்ய வேண்டும். ஆளுக்கு ஒரு ஓட்டு. ஒவ்வொருவர் பெயரிலும் உள்ள மூலதனக் கணக்கை வெளியாருக்கு விற்க முடியாது. வேலையை விட்டுப் போகும்போது பணத்தை எடுத்துக்கொள்ளலாம், ஓட்டை எடுத்துக்கொண்டு போக முடியாது. மிகப் பெரிய சம்பளம் மிகச் சிறிய சம்பளத்தைப்போல் மூன்று மடங்குக்கு மேல் போகக் கூடாது என்றும் முதலில் வைத்திருந்தார்கள். பங்குச் சீட்டோடு ஒட்டியிருந்த ஓட்டைப் பிய்த்தெடுத்து உழைக்கிற ஆளோடு ஒட்டினார்கள் என்று சுருக்கமாகச் சொல்லலாம்.

பலன் இருந்தது. அந்தச் சின்னப் பட்டறையிலிருந்து பல்லாயிரம் பேர் வேலை செய்யும் கூட்டுறவுக் குழுமம் வளர்ந்தது. தொல்லைகளும் வந்தன. 1974ல் வேலைத் தரம் பிரிப்பதைப் பற்றித் தகராறு மூண்டு, உல்கோரில் வேலை நிறுத்தம் நடந்தது; தலைமை தாங்கியவர்களைக் கூட்டுறவே வெளியேற்றியது. சில வருஷம் கழித்துத் திரும்பச் சேர்த்துக்கொண்டார்கள். சொந்த ஆலையில் யாரை எதிர்த்து வேலை நிறுத்தம் என்று சிலர் சிரித்தார்கள். ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்த சர்க்காரை எதிர்த்து ஊர்வலம் போகிறவர்களைப் பார்த்து நாம் சிரிக்கிறோமா என்ன?

இன்னும் கடினமான சோதனை பின்னால் வந்தது. உலகச் சந்தையில் போட்டி போட வேண்டி, வெளிநாடுகளில் துணைக் கம்பெனிகள் ஏற்பட்டன. அங்கே வேலை செய்தவர்கள் பெரும்பாலும் சம்பளக்காரர்கள், உறுப்பினர்கள் அல்ல. 2013ல், உல்கோரின் வழியில் வளர்ந்த ஃபாகோர் வீட்டுச் சாமான் கம்பெனி திவாலாயிற்று. உறுப்பினர்கள் சேமிப்பை இழந்தாலும், அவர்களில் மிகப் பெரும்பாலோருக்குக் குழுமத்தின் மற்றக் கூட்டுறவுகளில் வேலையோ முன்கூட்டிய ஓய்வோ கிடைத்தது. ஓட்டில்லாத வெளிநாட்டுத் தொழிலாளிக்கு அந்தக் கைகொடுப்பு இல்லை. ஒரே அடையாளம் பொறித்த சாமானைச் செய்த இரண்டு ஜோடிக் கைகளுக்கு இரண்டு வித நியாயம்!

ஆகவே ராச்டேல் கேள்வி மறுபடியும் வாசலில் வந்து நிற்கிறது. தொழிலாளியால் ஆலை நடத்த முடியுமா என்பதுதான் பிரச்சினை என்று வெகு காலம் எண்ணி வந்தார்கள். அதற்கு விடை என்றைக்கோ கிடைத்துவிட்டது; முடியும், சில சமயம் மிக நன்றாகவே முடியும். மிட்செல் ஹே தோல்வியடைந்த ஆலை அல்லவே. லாபத்தில் ஓடிய ஆலை. சோதனை அதற்குப் பிறகு ஆரம்பிக்கிறது. கஷ்ட காலத்தில் ஒன்று சேர்ந்தவர்கள், நல்ல காலத்தில் அடுத்து வருகிற ஆளுக்கு இடம் விடுவார்களா? தாங்கள் ஏறிவந்த படியைப் பின்னால் வருகிறவனுக்காக விட்டுவைப்பார்களா?

மனிதர்களுடைய நல்ல மனத்தை மட்டும் நம்பி இதை விட்டுவிட முடியாது என்பது 1862 சொல்லும் பாடம். கை தூக்கியவர்கள் கெட்டவர்கள் அல்ல; விதி அவர்களைத் தொழிலாளி என்ற முறையில் கூட்டத்துக்கு அழைக்கவில்லை, பங்குதாரர் என்ற முறையில் அழைத்தது. வந்தவர்களும் பங்குதாரராகவே யோசித்தார்கள். விதியை நன்றாக எழுதினால் மட்டும் போதாது என்பது 2013 சொல்லும் பாடம். எவ்வளவு கெட்டியான விதிக்கும் வெளியே யாரோ ஒருவர் நின்றுகொண்டுதான் இருக்கிறார்.

டோட் லேன் கட்டடம் இன்றும் இருக்கிறது. காட்சிச் சாலையாக ஆக்கி வைத்திருக்கிறார்கள். இருபத்தெட்டுப் பேரின் பெருமையைப் பேசுகிற இடம் அது. பேச வேண்டியதுதான். அவர்களோடு சேர்த்து, 1862ல் அந்தக் கூட்டம் நடந்தபோது மிட்செல் ஹேயில் தறியை ஓட்டிக்கொண்டிருந்த பங்கில்லாத தொழிலாளியையும் நாம் நினைத்துக்கொள்ளலாம். தன் லாபப் பங்கு போய்விட்டது என்பதை அந்த ஆள், மற்ற எந்த முதலாளியின் ஆலையிலும் போலவே, பிறர் சொல்லித்தான் தெரிந்துகொண்டிருக்க வேண்டும்.