நாயைக் குளிப்பாட்டும்போது காதில் சீழ் வராமல் தடுப்பது எப்படி?

கீழ்பென்னாத்தூர் பக்கம் மல்லாட்டைக் கொல்லைக்கும் ஆட்டுப்பட்டிக்கும் காவலிருக்கும் நாய்களைப் பம்புசெட் தொட்டியிலோ ஏரியிலோ இறக்கிக் குளிப்பாட்டுவது வழக்கம். குளித்த சில நாட்களில் நாய் தலையை உதறிக்கொண்டே இருந்தால், காதுக்குள் தங்கிய தண்ணீர் காரணமாக இருக்கலாம்.

நாயின் காதுக்குழாய் கீழே இறங்கிப் பிறகு உள்பக்கமாக வளைந்து, 'எல்' வடிவில் இருக்கும். அதனால் உள்ளே போன தண்ணீர் எளிதில் வெளியேறாது. தோலில் இயல்பாகவே இருக்கும் ஈஸ்ட் பூஞ்சையும் பாக்டீரியாவும் அந்த ஈரத்தில் பெருகிவிடும். ராஜபாளையம், லாப்ரடார் போல காது மடிந்து தொங்கும் நாய்களுக்குக் காற்றோட்டம் குறைவு. கூடுதல் கவனம் தேவை.

குளிப்பாட்டும் முன் இரண்டு காதிலும் பஞ்சு உருண்டையை, விரலால் திரும்ப எடுக்கும் அளவுக்கு மட்டும் வைக்கவும். தலையில் தண்ணீர் ஊற்றாமல் ஈரத்துணியால் துடைத்தால் போதும். உண்ணிக்குக் கலக்கும் மருந்துக் கரைசலும் காதுக்குள் போகக் கூடாது. குளித்ததும் பஞ்சை மறக்காமல் எடுத்துவிட்டு, மடலின் உள்பக்கத்தை உலர்ந்த பருத்தித் துணியால் ஒற்றி எடுக்கவும். அப்போதே காதை முகர்ந்து பாருங்கள். புளித்த வாடை, சிவப்பு, காப்பித்தூள் போன்ற கருப்பு அழுக்கு இருந்தால் நோய் தொடங்கிவிட்டது என்று பொருள். கொல்லையில் திரியும் நாய்க்குக் கூர்மையான புல் விதையும் உள்ளே ஏறிக்கொள்ளும். அப்போது ஒரு காதை மட்டும் சொறியும்.

பட்ஸ் குச்சி அழுக்கை இன்னும் உள்ளே தள்ளும். காய்ச்சிய எண்ணெய், மண்ணெண்ணெய், ஹைட்ரஜன் பெராக்சைடு எதையும் ஊற்ற வேண்டாம். செவிப்பறை கிழிந்திருந்தால் சில காது மருந்துகளே கேட்கும் திறனைக் கெடுத்துவிடும். எனவே மருத்துவர் உள்ளே பார்க்காமல் சொட்டு மருந்து விடக் கூடாது. ஆட்டுக்கு வாங்கிய ஐவர்மெக்டின் ஊசியை 'கொஞ்சம் போட்டுப் பார்ப்போம்' என்று நாய்க்குப் போடுவது இதைவிட ஆபத்து. அளவு கூடினால் நடை தள்ளாடும், வலிப்பு வரும், உயிரும் போகலாம்.

ஓயாமல் உதறினால் மடலுக்குள் ரத்தம் கட்டிப் பணியாரம்போல் வீங்கும். அதை ஊசியால் குத்தாமல் கால்நடை மருந்தகத்துக்குக் கொண்டு செல்லவும்.

காது வலிக்கும் நாய் வளர்த்தவரையே கடிக்கும் என்பதால், மருந்து போடும்போது வாயைத் துணியால் கட்டிக்கொள்வது நல்லது. கடித்துவிட்டால் காயத்தை ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டு 15 நிமிடம் கழுவி, அன்றே ஆரம்ப சுகாதார நிலையத்துக்குச் செல்ல வேண்டும்.

நாற்றம் போனதும் மருந்தை நிறுத்திவிட்டால் நோய் திரும்பி வரும். மருத்துவர் சொன்ன நாள் வரை விடவும். காரணம் காதுப்பேன் என்றால், வீட்டிலுள்ள மற்ற நாய், பூனைகளுக்கும் சேர்த்தே சிகிச்சை தேவை.