ராஸ் தீவின் அடுப்பும் பாராடாங்கின் சிறு ரொட்டியும்

அந்தமானைப் பற்றிய சுற்றுலா எழுத்துகளில் ராஸ் தீவுக்குக் 'கிழக்கின் பாரிஸ்' என்ற அடைமொழி தவறாமல் இடம்பெறுகிறது. 2018இல் நேதாஜி சுபாஷ் சந்திர போஸ் தீவு எனப் பெயர் மாற்றப்பட்ட அத்தீவில், மரவேர்கள் இறுகப் பற்றிய சுவர்களுக்கிடையே தேவாலயம், நடன அரங்கு, அச்சகம் ஆகியவற்றோடு ஓர் அடுமனையின் இடிபாடும் காட்டப்படுகிறது. அடுமனையைக் கண்டதும் பாரிஸை நினைப்பது எளிது. ஆனால் அந்த நினைவு காட்டுவதைவிட மறைப்பதே அதிகம் என்பது என் கருத்து. ரொட்டியின் வரலாற்றை அதன் பொன்னிற மேலோட்டிலிருந்து எழுதக் கூடாது. மாவு, புளிப்பு, அடுப்பு ஆகிய மூன்றும் எங்கிருந்து, யாருடைய உழைப்பில் வந்தன என்ற கேள்வியிலிருந்து எழுத வேண்டும்.

1858 மார்ச் 10 அன்று மருத்துவர் ஜேம்ஸ் பேட்டிசன் வாக்கர் 200 கைதிகளுடன் அந்தமானில் இறங்கினார். ராஸ் தீவின் காட்டை வெட்டியதும் கட்டடங்களுக்குக் கல் சுமந்ததும் கைதிகளே. 1941 நிலநடுக்கமும் அடுத்த ஆண்டின் ஜப்பானிய ஆக்கிரமிப்பும் வரும்வரை ஆட்சித் தலைமையகம் அங்குதான் இருந்தது. கோதுமை அத்தீவுகளின் பயிர் அன்று; மாவு முழுவதும் கடல் கடந்து வந்தாக வேண்டும். செங்கல் அடுப்போ ஒருமுறை விறகிட்டுச் சூடேற்றினால் பல டஜன் ரொட்டிகளை எதிர்பார்ப்பது. ஆக, அது ஓர் ஆட்சி நிறுவனத்தின் அடுப்பு. வீட்டுக்குள் அதற்கு இடமில்லை. கைதியின் தட்டுக்காக அது கட்டப்படவுமில்லை.

புளிப்பின் கதை இன்னும் சுவையானது. பத்தொன்பதாம் நூற்றாண்டு இந்தியக் கடற்கரை நகரங்களில் ரொட்டி மாவை எழுப்பியது பெரும்பாலும் கள். கோவாவின் அடுமனையாளர்கள் தென்னங்கள்ளைப் பயன்படுத்தினர். ஆப்ப மாவில் கள் சேர்ப்பது நமக்கும் பழக்கமானதே. சாதி ஆசாரம் பேணியோர் கடை ரொட்டியை ஒதுக்கியதற்குச் சுட்டவரின் கையும் கள்ளும் சேர்ந்தே காரணமாயின. 1878இல் சென்னையில் வெளிவந்த கர்னல் கென்னி ஹெர்பர்ட்டின் சமையல் நூல், கூடாரத்தில் பேக்கிங் பவுடர் கொண்டு ரொட்டி சுடும் வழியைப் பேசுகிறது; கள்ளையும் அடுமனைக்காரரையும் ஒருசேரத் தவிர்க்க அது வழிசெய்தது. அந்தமானுக்கு வந்தால் ஒரு விந்தை. நிக்கோபாரிலும் வடக்கே கோக்கோ தீவுகளிலும் தென்னை செழித்திருக்க, இடையிலுள்ள அந்தமானின் கரைகளில், குடியேற்றத்தார் நடும்வரை தென்னை இயல்பாக வளர்ந்திருக்கவில்லை. இதற்கான விளக்கங்கள் பல. அவற்றுள் இங்கே புக வேண்டியதில்லை. கள்ளுக்கு முன் தென்னை, தென்னைக்கு முன் அதை நட்ட கைகள் என்ற வரிசை மட்டும் நமக்குப் போதும்.

இனி 'பிரெஞ்சு' என்ற அடைமொழி. பாரிஸின் ரொட்டி தன்னளவில் ஒரு கலப்பு. 1830களின் இறுதியில் பாரிஸில் அடுமனை திறந்த ஆகஸ்ட் ஜாங் ஆஸ்திரியர். நீராவி அடுப்பின் பளபளப்பான மேலோட்டை அங்கே பரவலாக்கியவர் அவர் என்பர். 'பகெத்' என்ற சொல் ரொட்டியின் பெயராகச் சட்ட ஆவணத்தில் தெரிவது 1920இல்தான். அவ்வாண்டு ஆகஸ்டில் சேன் மாவட்டம் வெளியிட்ட விலைக்கட்டுப்பாட்டு ஆணை, குறைந்தது 80 கிராம் எடையும் அதிகபட்சம் 40 சென்டிமீட்டர் நீளமும் கொண்ட பகெத்தை 35 சாந்தீமுக்கு மேல் விற்கக் கூடாது என்கிறது. மாணவர்கள் இந்த அளவுகளைக் குறித்துக்கொள்ளலாம். இன்று பாரிஸின் சின்னமாக வலம்வரும் 250 கிராம் நெடுங்கோல் அன்று. கைக்கு அடங்கும் சிறு ரொட்டியும் அந்த ஆணையின்படி பகெத்தே.

தமிழர்க்கு அந்த ரொட்டி அறிமுகமான வழி புதுச்சேரி, அங்கிருந்து சைகோன். 1881 ஆணையின்கீழ்ச் சொந்தச் சமூகச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுச் சட்டத்தை ஏற்ற புதுச்சேரி, காரைக்கால் தமிழர் பலர் கொச்சின் சீனாவில் அரசுப் பணி பெற்றனர். கோதுமை விளையாத வெப்பநாட்டில் பிரெஞ்சு ரொட்டி உள்ளூர் உணவாக மாறியதை அவர்கள் அங்கே கண்டிருப்பர். வியட்நாமியர் அதைப் 'பான் மி' என்றனர். 'மி' என்பது கோதுமை. வியட்நாமிய மனைவியரோடு திரும்பிய குடும்பங்களின் உணவுப் பழக்கம் புதுச்சேரியில் இன்றும் எஞ்சியுள்ளது. சொல்லைப் பொறுத்தவரை ஈழத்தமிழ் நம்மைவிடத் தெளிவானது: போர்த்துக்கீசியத்திலிருந்து வந்த 'பாண்' அங்கே புளித்து எழுந்த ரொட்டியை மட்டும் குறிக்கும். நாமோ தட்டையானதற்கும் எழுந்ததற்கும் 'ரொட்டி' என்ற ஒரே சொல்லை வைத்துக்கொண்டு இடர்ப்படுகிறோம்.

பாராடாங்கில் அத்தகைய சிறு ரொட்டியை வீட்டில் சுடுவது செங்கல் அடுப்பின் தர்க்கத்தை முற்றிலும் கலைத்துவிடுகிறது. உலர் ஈஸ்ட் பொட்டலமும் மேசை மேல் வைக்கும் ஓடிஜி அடுப்பும் சேர்ந்து செய்த மாற்றம் இது. 250 கிராம் மைதா, 160 மில்லி நீர், 5 கிராம் உப்பு, 2 கிராம் ஈஸ்ட் என்பது நான்கு ரொட்டிக்கான அளவு. தீவின் புழுக்கத்தில் மாவு விரைந்து பொங்கிவிடும். ஈஸ்ட்டைக் குறைத்துக் குளிர்ந்த நீரில் பிசைவதே அதற்கு மாற்று. அடுப்பின் அடித்தட்டில் ஒரு கிண்ணம் கொதிநீர் வைத்தால், எழும் ஆவி மாவின் மேற்பரப்பு உடனே காய்ந்து இறுகாமல் தடுக்கும். ரொட்டி விரியும், மேலோடு மினுங்கும். ஆனால் ஈரக்காற்று சில மணி நேரத்தில் அந்த மொறுமொறுப்பைக் குடித்துவிடும். ஒரு வேளைக்குள் உண்டு தீரும் சிறிய அளவே அங்கே பொருத்தம் என்பதற்கு இது போதுமான காரணம். வெந்தபின் ஒவ்வொன்றும் 85 முதல் 90 கிராம் நிற்கும்; நீளம் அடுப்புத் தட்டைத் தாண்டாது. 1920ஆம் ஆண்டின் ஆணைக்கு இந்தத் தீவு ரொட்டி முழுதும் இணங்குகிறது!

எனினும் இதை வெறும் 'சனநாயகமயமாக்கம்' என்று கொண்டாட எனக்கு மனமில்லை. ராஸ் தீவைக் கேட்ட அதே கேள்விகளை இந்த அடுப்பிடமும் கேட்டாக வேண்டும். தீவுகளின் மின்சாரத்தில் பெரும்பகுதி டீசல் மின்னாக்கிகளிலிருந்து வருகிறது. அந்தமான் காடுகளை வெட்ட 1918 முதல் ராஞ்சிப் பகுதியிலிருந்து பழங்குடித் தொழிலாளர் கொண்டுவரப்பட்டனர். பாராடாங்கின் ஊர்கள் அத்தகைய குடியேற்றங்களின் தொடர்ச்சி. 2011 கணக்கெடுப்பில் தீவுகளின் மக்களில் ஏறத்தாழ 15 விழுக்காட்டினராக இருந்த தமிழ் பேசுவோரும் அந்தக் குடியேற்ற வரலாற்றுக்கு வெளியே இல்லை. மாவு மட்டும் இன்றும் கப்பலில்தான் வருகிறது. சாலை வழியே பாராடாங்குக்கு வரும் மைதா மூட்டை, ஜிர்காடாங் சோதனைச் சாவடியில் வாகன வரிசையில் காத்திருந்து, ஜாரவா மக்களின் காப்பகத்தை ஊடறுக்கும் அந்தமான் நெடுஞ்சாலையைக் கடந்து, நடு நீரிணையில் படகேறி, மலபாரின் ஊர்ப்பெயரைத் தாங்கிய நிலம்பூர்த் துறையில் இறங்குகிறது. காப்பகத்துக்குள் செல்லும் பகுதியை மூடுமாறு உச்ச நீதிமன்றம் 2002இல் ஆணையிட்ட சாலை அது. போக்குவரத்து இன்றும் நிற்கவில்லை.