எருக்கிலையும் ஆவாரங்கட்டையும்

தர்மபுரி மாவட்டம் ஏரியூரில் வெல்டிங் பட்டறை போட்டு இருபத்தேழு வருடம் ஆகிறது. ஜன்னல் கிரில், கேட்டு, டிராக்டர் கலப்பை, டிரெய்லர் கொக்கி என்று வருஷம் முழுக்க ஒரே மாதிரி வேலைதான். ஆடி பிறந்தால் மட்டும் அரிவாள், கொத்து, களைவெட்டி என்று கொல்லுப்பட்டறை வேலையும் வந்து சேரும். தாத்தா செய்த தொழில், விட மனசு வரவில்லை.

இரும்பைக் கையில் வாங்கியதும் அதன் ஓரத்தைக் கிரைண்டர் கல்லில் ஒரு தொடு தொட்டுப் பார்ப்பேன். வீட்டுக்குப் போடுகிற சாதாரண இரும்பு என்றால் பொறி நீளமாகக் கோடு கோடாக ஓடும். லாரி பட்டா என்றால் கோட்டின் நுனி வெடித்துக் கிளை பிரியும். பழைய அரம் என்றால் கல்லை விட்டுக் கிளம்பும்போதே மத்தாப்பு. கார்பன் எவ்வளவு இருக்கிறதோ அவ்வளவு சிதறல். மெஷின் வேண்டாம், லேப் வேண்டாம். இதை எனக்குச் சொல்லிக்கொடுத்தவர் படித்தவரும் இல்லை. சேலத்தில் நான் வேலை பழகிய பட்டறையின் போர்மேன் அவர். கார்பன் என்ற சொல்லை அவர் வாயால் நான் கேட்டதே கிடையாது. "இது கடுசு, இது சவம்" என்பார், அவ்வளவுதான்.

இரண்டு வருடம் முன்பு, காட்டை ஆழ உழுத ஒருவர் ஒரு கல்லைத் துண்டில் கட்டிக்கொண்டு வந்தார். "ஏப்பா, இது வானத்துல இருந்து விழுந்த கல்லா?" என்றார். கருப்பாக, அளவுக்கு மீறிய கனம். ஒரு பக்கம் நுரைத்து ஓட்டை ஓட்டையாக, மறுபக்கம் பாகு வழிந்து உறைந்த மாதிரி இருந்தது. காந்தத்தை வைத்தேன், லேசாகப் பிடித்தது. "வானத்துக் கல்லு இல்லீங்க பெரியப்பா, இரும்புக் கிட்டம்" என்றேன். அவர் முகம் சுண்டிப்போய்விட்டது. பழங்கிட்டத்துக்கும் மரியாதை உண்டு என்று சமாதானம் சொன்னேன். சித்த வைத்தியர்கள் மண்டூரம் என்று அதைத்தான் சொல்கிறார்கள், சோகைக்குச் செந்தூரமாக்கிக் கொடுக்கிறார்கள். பழைய வைத்திய நூல்களின் கணக்கில் நூறு வருஷம் கிடந்த கிட்டமே உத்தமம். கல் இன்னும் என் மேஜையில்தான் இருக்கிறது.

கொல்லன் உலையிலும் கழிவு விழும். அது துளித்துளியாக, செதில் செதிலாக இருக்கும். பாகாக வழிந்து உறைந்த கட்டி விழ வேண்டும் என்றால், யாரோ அங்கே கல்லிலிருந்து இரும்பைப் பிரித்திருக்க வேண்டும். என் தாத்தாவுக்குக் கொழு காய்ச்சி அடிக்கத் தெரியும், தோய்ச்சல் போடத் தெரியும். களத்தில் ராகி அளந்து கொடுத்தால் வருஷம் முழுக்க ஊருக்கே வேலை செய்வார். ஆனால் இரும்பு மட்டும் சேலத்துக் கடையில் வாங்கிய பட்டை. அவருடைய தாத்தா எங்கே வாங்கினார்? அந்த ஒரு கேள்விக்காகத்தான் ஐம்பது வயதுக்கு மேல் புத்தகம் படிக்க உட்கார்ந்தேன்.

எங்கள் பக்கம் 1965 வரை சேலம் ஜில்லா. அந்தச் சேலத்து இரும்பைப் பற்றி விரிவாக எழுதி வைத்தவர்களில் ஒருவர் ஜோசையா மார்ஷல் ஹீத். மதராஸில் கிழக்கிந்தியக் கம்பெனி உத்தியோகத்தில் இருந்தவர். உத்தியோகத்தை விட்டு 1830இல் பரங்கிப்பேட்டையில் இரும்பாலை போட்டார். அவர் 1839இல் எழுதிய கட்டுரையில் உலை வைக்கிற விதம் முழுசாக இருக்கிறது. படிக்கப் படிக்கப் பட்டறையில் நிற்கிற மாதிரியே இருந்தது எனக்கு.

கஞ்சமலைப் பக்கத்துக் கல் காந்தக் கல். பாதிக்குப் பாதி வெள்ளைக் கல் கலந்திருக்கும். அதை இடித்துத் தூளாக்கி, தண்ணீரில் அலசியோ முறத்தில் புடைத்தோ வெள்ளையை நீக்கிவிடுவார்கள். ராகி புடைக்கிற அதே முறம்தான். கனமான தூள் தங்கும், லேசானது பறக்கும். பிறகு ஆள் இடுப்பு, மார்பு உயரத்துக்குக் களிமண் உலை, இரண்டு ஆட்டுத்தோல் துருத்தி. மாற்றி மாற்றி அமுக்கினால் காற்று அறாது. கரி ஒரு கூடை, தூள் ஒரு கூடை என்று மேலே கொட்டிக்கொண்டே இருக்க வேண்டும். மூன்று நாலு மணி நேரம் கழித்து உலையின் முன்பக்கத்தை உடைத்தால், அடியில் நுரைத்த இரும்புக் கட்டி கிடக்கும். அதை எடுத்து அடி அடி என்று அடித்துக் கழிவைப் பிதுக்க வேண்டும். இது தேனிரும்பு. வளையும், ஆனால் கூர் நிற்காது.

அடுத்து வருகிற கட்டம்தான் என் தூக்கத்தைக் கெடுத்தது. அந்த இரும்பைச் சின்னத் துண்டுகளாக நறுக்கி, கரித்த உமி கலந்த களிமண்ணில் செய்த மூசைக்குள் போடுகிறார்கள். இரும்பின் எடையில் பத்தில் ஒரு பங்கு காய்ந்த ஆவாரங்கட்டை. மேலே பச்சை எருக்கிலை ஒன்றோ இரண்டோ, அது இல்லாவிட்டால் ஒரு கொடியின் இலை. வாயைக் களிமண்ணால் இறுக மூடிக் காயவிடுகிறார்கள். இப்படி இருபது, இருபத்துநாலு மூசைகளை வளைவாக அடுக்கி, கரியால் மூடி, இரண்டரை மணி நேரம் துருத்தி ஊதினால் உருக்கு தயார்.

ஆவாரம் பொங்கலுக்குக் காப்புக் கட்டுகிற செடி. எருக்கு என் பட்டறைச் சுவரோரத்திலேயே முளைத்துக் கிடக்கிறது, வெட்ட வெட்டத் துளிர்க்கும். இவை இரண்டையும் வைத்துக்கொண்டு என்ன சமையல் நடந்தது?

சுத்த இரும்பு உருக 1,538 டிகிரி வேண்டும். தோல் துருத்தியால் அவ்வளவு சூடு கிடைப்பது பெரும்பாடு. ஆனால் இரும்புக்குள் ஒன்றரை சதவீதம் கார்பன் ஏறிவிட்டால் உருகும் சூடு நூறு டிகிரிக்கு மேல் இறங்கிவிடும். மூடிய மூசைக்குள் கட்டை கரியாகி இரும்புக்குள் ஏறுகிறது, ஏற ஏற இரும்பு தானே இளகுகிறது. பச்சை இலையிலிருந்து கிளம்பும் வாயு கார்பன் ஏறுவதை விரைவாக்குகிறது என்பது ஹீத்தின் கணிப்பு. அப்போது இங்கிலாந்தின் ஷெஃபீல்டில், தேனிரும்பைக் கரிப்பொடியோடு பெட்டியில் அடைத்து நாள் கணக்கில் வேகவைத்து, அப்புறம் இன்னொரு உலையில் உருக்கினார்கள். அந்த இரண்டு வேலையும் இங்கே ஒரே மூசைக்குள் இரண்டரை மணியில் முடிந்துவிட்டது என்று அவரே ஆச்சரியப்படுகிறார்.

மூசைக் களிமண்ணில் உமி எதற்கு என்பதை நானே ஒரு நாள் செய்து பார்த்துத் தெரிந்துகொண்டேன். உமி போடாத களிமண் கிண்ணம் ஊதுலையில் பத்தாவது நிமிஷம் பிளந்தது. கருக்கிய உமி பிசைந்தது தாங்கியது. உருக்கு மட்டும் வரவில்லை. மூன்று தடவை முயன்றேன், மூன்று தடவையும் அடுப்புக்கரியும் ஆஸ்துமாவும்தான் மிச்சம்.

உள்ளே இருப்பது உருகிவிட்டது என்று எப்படித் தெரியும்? மூசை மூடியிருக்கிறது, கண்ணால் பார்க்க முடியாது, திறந்தால் கெட்டுப்போகும். இலங்கையில் ஆனந்த குமாரசாமி இதற்கு விடை எழுதி வைத்திருக்கிறார். 1900களின் தொடக்கத்தில், உருக்குத் தொழில் அநேகமாக நின்றுபோன நிலையில், தெரிந்த பழைய ஆட்களைக் கொண்டு செய்யச் சொல்லிப் பார்த்தவர் அவர். குறட்டால் மூசையைத் தூக்கி ஆட்டுவார்களாம். உள்ளே தளும்புகிற சத்தம் கேட்டால் பதம். தேங்காயை ஆட்டிப் பார்க்கிற மாதிரி! ஆறிய பிறகு உடைத்துப் பார்த்தால், கட்டியின் மேல்முகம் வழவழப்பாக, நடுவிலிருந்து கதிர் கதிராகக் கோடு ஓடியிருக்க வேண்டும். மேடும் பள்ளமுமாக இருந்தால் வேகவில்லை என்று அர்த்தம். பிறகு அந்தக் கட்டியை மறுபடி கரி நெருப்பில் பல மணி நேரம் காற்றுப் பட வாட்டி, அதிகப்படி கார்பனை எரித்துவிட்டுத்தான் அடிப்பார்கள். இல்லாவிட்டால் சம்மட்டிக்குக் கீழே பிஸ்கட் மாதிரி உடையும்.

காதால் ஒரு சோதனை, கண்ணால் ஒரு சோதனை, சம்மட்டியில் ஒரு சோதனை. இதை அறிவியல் என்று சொல்லலாமா என்று என் மகள் கேட்டாள். அவள் காலேஜில் இரும்பும் கார்பனும் சேர்ந்த ஒரு வரைபடத்தை மனப்பாடம் செய்கிறாள். "காரணம் தெரியாமல் செய்தால் அது கைப்பக்குவம்தானே அப்பா?" என்றாள். அடுப்பு மாறினாலும் கல் மாறினாலும் அதே உருக்கு வர வேண்டும், வராவிட்டால் ஏன் வரவில்லை என்று பிடிக்க வேண்டும். இதற்குப் பெயர் என்ன என்று திருப்பிக் கேட்டேன். பதில் சொல்லாமல் போய்விட்டாள். அவள் பக்கமும் நியாயம் இருக்கிறது, ஒத்துக்கொள்கிறேன்.

காரணம் தேடியவர்கள் வேறு ஊரில் இருந்தார்கள். 9ஆம் நூற்றாண்டில் பாக்தாதில் அல் கிந்தி வாள்களை வகைப்படுத்தி ஒரு நூலே எழுதினார். அதில் சரந்தீப் வாளுக்கு, அதாவது இலங்கை இரும்புக்கு, ஒரு இடம் உண்டு. அந்தக் காலத்திலேயே இலங்கையின் சமனல வெவ பக்கம் மலைச் சரிவில் துருத்தியே இல்லாமல், பருவக்காற்றை நேராக உலைக்குள் வாங்கி இரும்பு எடுத்தார்கள். ஜில் ஜூலெஃப் என்ற ஆய்வாளர் அதே மாதிரி உலை கட்டி, காற்றை வாங்கி எரித்துக் காட்டி 1996இல் நிரூபித்தார். எங்கள் ஊர்ப் பக்கம் ஆடிக் காற்று அடிக்கும்போதெல்லாம் எனக்கு அந்த ஞாபகம்தான்.

1790களில் பம்பாயிலிருந்து டாக்டர் ஹெலினஸ் ஸ்காட் இந்த உருக்குக் கட்டிகளை லண்டன் ராயல் சொசைட்டிக்கு அனுப்பினார். அங்கே அதற்கு ஊட்ஸ் என்று பெயர் விழுந்தது. கன்னடத்து 'உக்கு' திரிந்து அப்படி ஆனது என்கிறார்கள். எனக்கு அது ஒன்றும் அந்நியமாகப் படவில்லை, சுற்றிலும் பாதி ஊர்கள் 'ஹள்ளி' என்று முடிகிற பக்கம் இது. ஸ்டோடார்ட் என்ற கத்தி வியாபாரி, ஐரோப்பாவின் எந்த உருக்கையும்விட இது மேல் என்று தன் கடை அட்டையிலேயே அச்சடித்துக்கொண்டார். அவரும் மைக்கேல் ஃபாரடேயும் சேர்ந்து வருஷக்கணக்கில் ஊட்ஸைக் குடைந்தார்கள். அலுமினாவும் சிலிகாவும் கலந்ததால்தான் இந்தக் குணம் என்று ஃபாரடே முதலில் நினைத்தார். அது தப்பு. ஆனால் அந்தத் தப்பான வழியில் போய்த்தான் இரும்போடு வேறு வேறு உலோகங்களைக் கலந்து பார்க்கிற வேலை சூடுபிடித்தது. ஃபாரடேயின் அப்பா கொல்லர் என்று படித்தபோது, புத்தகத்தை மூடிவைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன்.

ஹீத் கதை வேறு. இங்கிலாந்துக்குத் திரும்பி, உருக்கில் மாங்கனீசு சேர்க்க 1839இல் காப்புரிமை வாங்கினார். ஷெஃபீல்டுக்காரர்கள் சின்ன மாற்றம் ஒன்றைச் செய்துவிட்டுப் பணம் தரமாட்டோம் என்றார்கள். வழக்காடியே 1851இல் இறந்தார், 1855இல் தீர்ப்பும் எதிராகப் போனது. சேலத்து மூசையைப் பார்த்துக் கட்டுரை எழுதியவருக்கே இந்தக் கதி. அவரும் கொஞ்சம் அளந்துவிட்டவர்தான். எகிப்தியர்கள் கல் தூண்களில் எழுத்து வெட்டியது இந்திய உருக்கால்தான் என்று அதே கட்டுரையில் எழுதியிருக்கிறார். இப்போது அது வாட்ஸாப்பில் நமக்கே திரும்பி வருகிறது.

பெருமை பேச வேண்டும் என்றால் அளக்க வேண்டியதே இல்லை. பர்கூர் பக்கத்து மயிலாடும்பாறையில் கிடைத்த இரும்புக்கு கி.மு. 2172 என்று 2022இல் அறிவித்தார்கள். 2025 ஜனவரியில் சிவகளைக்கு கி.மு. 3345 என்றார்கள். எங்களுக்குப் பக்கத்துப் பெரும்பாலையிலும் 2022இல் தொல்லியல் துறை குழி போட்டது. தகடூர் அதியமானிடமிருந்து தொண்டைமானிடம் தூது போன ஔவை சொன்னதாகப் புறநானூற்றில் ஒரு பாட்டு உண்டு. தொண்டைமானின் ஆயுதங்கள் பீலி கட்டி, நெய் பூசி அரண்மனையில் இருக்கின்றன. அதியமானுடையவை முனை முறிந்து கொல்லன் கொட்டிலில் கிடக்கின்றன. வாத்தியார்கள் இதில் நகைச்சுவையை விளக்குவார்கள். எனக்குக் கண்ணில் படுவது நெய். துருப்பிடிக்காமல் இருக்க நாங்கள் கிரீஸ் தடவுகிறோம், அவர்கள் நெய் தடவியிருக்கிறார்கள்.

பக்கத்தில் நெருப்பூர் என்றே ஒரு ஊர் இருக்கிறது. உலை எரிந்ததால் வந்த பெயர் என்று சொல்லிவிடலாம், கேட்கிறவர்களும் தலையாட்டுவார்கள். பெயரை வைத்துக் கதை கட்ட எனக்கு இஷ்டமில்லை. கிட்டம் கையில் இருக்கும்போது பெயர் எதற்கு?

தொழில் எப்படிச் செத்தது என்பது சுருக்கமான கதைதான். கப்பலில் வந்த சீமை இரும்பு மலிவு. இங்கேயோ ஒரு கூடை இரும்புக்கு எத்தனையோ கூடை கரி. 1882இல் மதராஸ் வனச் சட்டம் வந்தபிறகு, காட்டில் கரிமூட்டம் போடக் கேட்டு வாங்க வேண்டியதாயிற்று. உலை அவிந்தது. உருக்கியவர்கள் எழுதி வைக்கவில்லை. எழுதியவர்கள் எல்லாம் விலை விசாரிக்க வந்தவர்கள். 1800இல் எதிர்க்கரைக் காவேரிபுரம் வழியாக, கம்பெனிக்காக விவரம் சேகரித்துக்கொண்டு வந்த புக்கானன் என்பவரும் மைசூர்ச் சீமை உலைகளில் கூலி எவ்வளவு, விலை எவ்வளவு என்றுதான் குறித்துக்கொண்டு போனார். அந்தப் பழைய காவேரிபுரத்தின் மேலே 1934 முதல் மேட்டூர் அணைத் தண்ணீர் நிற்கிறது.

போன ஆடியில், நாகமரையிலிருந்து ஒரு அம்மா கொடுவாள் ஒன்றைக் கொண்டுவந்தார். மாமனாருடைய அப்பா காலத்துச் சாமானாம். மூக்கு தேய்ந்து, பாதி அகலம்தான் மிச்சம். "சாணை புடிச்சுக் குடு தம்பி" என்றார். வழக்கம்போலக் கல்லில் ஒரு தொடு தொட்டேன். பொறி குட்டையாக, கிளம்பிய இடத்திலேயே வெடித்துப் பூத்தது. மோட்டாரை நிறுத்திவிட்டேன். தேய்ந்த அரத்தைக் காய்ச்சி அடித்ததாக இருக்கலாம், கொல்லர்கள் அப்படிச் செய்வது வழக்கம். சீமை உருக்காக இருக்கலாம். வேறாகவும் இருக்கலாம். பொறி கார்பனைச் சொல்லும், ஊரைச் சொல்லாது.

"என்ன தம்பி, ரிப்பேரா?" என்றார் அந்த அம்மா.

"இல்லீங்கம்மா. இதை மெஷின்ல போட வேண்டாம், சூடேறிப் பதம் போயிரும். உக்காருங்க."

தண்ணீர் தெளித்து, தாத்தாவின் சாணைக்கல்லில் கையாலேயே தீட்ட ஆரம்பித்தேன். முக்கால் மணி நேரம் ஆயிற்று. முப்பது ரூபாய் கேட்டேன், இருபது கொடுத்தார்.