முதுகெலும்புத் தட்டும் நிழற்படமும்: ஒரு சரித்திர ஆராய்ச்சி

தனுஷ்கோடியில் கரைவலை இழுப்போரை ஒரு விடியற்காலையில் அருகே நின்று பார்த்தவர்கள், முதுகெலும்பின்மீது உழைப்பு ஏற்றும் பாரம் இன்னதென்பதை எந்த நூலையும் படியாமலே அறிவார்கள். குதிகாலை மணலில் ஊன்றி, உடலைப் பின்னுக்குச் சாய்த்து, கயிற்றைப் பிடி பிடியாக வாங்கிக்கொண்டு பின்னடி வைக்கும் அவர்களுடைய இடுப்பிலே வலையின் கனம் முழுவதும் வந்து இறங்குகிறது. அவர்களுள் ஒருவர் இடுப்பைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டால், சுற்றி நிற்போர் இன்று சொல்லும் முதற்சொல், ‘டிஸ்க் விலகிவிட்டது’ என்பதே.

1895-இல் ராண்ட்கன் கண்ட எக்ஸ் கதிர் எலும்பைக் காட்டிற்றேயன்றி, எலும்புகளுக்கிடையே மெத்தைபோல் அமைந்த, ‘டிஸ்க்’ எனப்படும் அந்தத் தட்டைக் காட்டவில்லை. இடைவெளி குறுகியிருந்தால் தட்டு தேய்ந்திருக்கவேண்டும் என்று வைத்தியர் ஊகித்தார். நம் தர்க்க சாஸ்திரத்தின் பரிபாஷையில் அது அனுமானமே, பிரத்தியட்சம் அன்று. கசகசா எண்ணெயில் அயோடினைச் சேர்த்துத் தண்டுவட உறைக்குள் செலுத்தி, நோயாளியைச் சாய்த்து, எண்ணெய் எங்கே தடைபடுகிறது என்று பார்க்கும் முறையை 1920-களின் தொடக்கத்தில் பிரெஞ்சு வைத்தியர்களான சிக்காரும் ஃபொரெஸ்தியேயும் வகுத்தார்கள். அப்போதும் தெரிந்தது தட்டு அன்று. எண்ணெயில் அது பதித்த பள்ளமே.

பிதுங்கிய தட்டு நரம்பின் வேரை நெருக்குவதால் காலில் வலி ஓடுகிறது என்பதை பாஸ்டனின் மிக்ஸ்டரும் பாரும் கட்டுரையாக வெளியிட்டது 1934-இல். சென்னையில் பார்னார்டு கதிரியல் நிலையம் திறக்கப்பட்டதும் அதே ஆண்டில்தான். 1950-இல் டாக்டர் பி. ராமமூர்த்தி சென்னை அரசுப் பொது மருத்துவமனையில் நரம்பு அறுவைச் சிகிச்சையைத் தொடங்கினார். அந்நாளில் தனுஷ்கோடியிலிருந்து பட்டணம் போகப் போட் மெயில் என்னும் ரயில் இருந்தது. 1964 டிசம்பர்ப் புயலில் ஊரும் ரயில் நிலையமும் அழிந்தன.

1971-இல் முதல் நோயாளியைப் படமெடுத்த, பொறியாளர் ஹௌன்ஸ்ஃபீல்டின் சி.டி. கருவி உடலைக் குறுக்கே அரிந்ததுபோல் காட்டிற்று. பின்னர் வந்த எம்.ஆர்.ஐ., கதிரை விடுத்துக் காந்தத்தைக் கொண்டு, திசுக்களிலுள்ள நீரின் ஹைட்ரஜனையே சாட்சியாக்கியது. நீர் நிறைந்த இளந்தட்டு வெண்மையாகவும் வறண்ட தட்டு கருமையாகவும் தோன்ற, அனுமானம் முடிந்து பிரத்தியட்சம் வாய்த்ததென்று வைத்திய உலகம் மகிழ்ந்தது.

அம்மகிழ்ச்சியை நிதானப்படுத்தியது 1994-இல் அமெரிக்காவில் ஜென்சனும் அவருடைய குழுவினரும் வெளியிட்ட ஆராய்ச்சி; என் கருத்தில் இச்சரித்திரத்தின் மிக முக்கியமான ஏடும் அதுவே. முதுகுவலியே இல்லாத 98 பேரை எம்.ஆர்.ஐ. எடுத்துப் பார்த்தபோது, 52 சதவீதத்தினருக்கு ஏதேனும் ஒரு தட்டாவது புடைத்திருந்தது. எல்லாத் தட்டுகளும் இயல்பாக இருந்தவர்கள் 36 சதவீதத்தினரே. தலை நரைப்பதைப்போல் தட்டும் வயதோடு மாறுகிறது. மாறிய தட்டெல்லாம் வலிப்பதில்லை.

கால் பலவீனமுறுதல், சிறுநீர் கட்டுப்படாமை, ஜுரத்தோடு கூடிய வலி, விழுந்து அடிபடுதல் ஆகியவற்றில் படத்தைத் தாமதிப்பது பெருந்தவறு. இவை ஒன்றும் இல்லாத புதிய வலியோ பெரும்பாலும் சில வாரங்களில் தானே தணிகிறது. ஆதலால் பெரிய உறையில் படத்தைச் சுமந்துகொண்டு ராமேஸ்வரத்திலிருந்து வரும் வலைக்காரரிடம், உறையைப் பிரிக்குமுன்னே வைத்தியர் அவரை மல்லாந்து படுக்கச் சொல்லி, முழங்காலை மடக்காமல் காலை மெல்ல உயர்த்தி, ‘எங்கே இழுக்கிறது?’ என்று கேட்கவேண்டும்.