மல்கட்டா அரண்மனை

பண்டைய எகிப்தின் 18ஆம் அரச மரபைச் சேர்ந்த மூன்றாம் அமென்ஹோத்தெப், பொ.ஆ.மு. 14ஆம் நூற்றாண்டில் கட்டிய அரண்மனை வளாகம். இன்றைய லக்சர் நகருக்கு எதிரே, நைல் ஆற்றின் மேற்குக் கரையில், மெதினெத் ஹபு கோயிலுக்குத் தெற்கே இதன் இடிபாடுகள் உள்ளன.

எகிப்தியர் கோயிலையும் கல்லறையையும் கல்லில் எழுப்பினர். மன்னர் வாழ்ந்த வீட்டை வெயிலில் காய்ந்த மண் செங்கல்லால் கட்டினர். அதனால்தான் பிரமிடுகளின் நாட்டில் அரண்மனைகள் அரிதாகவே எஞ்சின. மல்கட்டாவிலும் சுவர்களின் அடிப்பகுதியே மிஞ்சியது. ஆனால் உதிர்ந்த பூச்சுத் துண்டுகள் அதன் அழகை இன்றும் சொல்கின்றன. படுக்கையறைக் கூரையில் சிறகு விரித்த கழுகுகள்; தரையில் நாணல், மீன், வாத்து நிறைந்த நீர்நிலை; அரியணை மேடைப் படிகளில், மன்னர் மிதித்து ஏறுவதற்கென்றே, கட்டுண்ட எதிரிகளின் உருவங்கள்.

மன்னரின் 30, 34, 37ஆம் ஆட்சியாண்டுகளில் நடந்த, அரசாட்சியைப் புதுப்பிக்கும் செட் விழாக்களோடு இவ்வளாகம் நெருங்கிய தொடர்புடையது. விழாவுக்கு வந்த மது, இறைச்சி, கொழுப்பு ஜாடிகளில் மையால் ஆண்டும் பொருளும் எழுதப்பட்டிருந்தன. அரச வரலாற்றை அறிய, புகழ்பாடும் கல்வெட்டுகளைவிட அந்த ஜாடிகள் உடைந்த ஓட்டுச் சில்லுகள் நம்பகமானவை.

அரண்மனைக்குக் கிழக்கே, பிர்கெத் ஹபு எனும் மாபெரும் செயற்கைத் துறைமுகம் வெட்டப்பட்டது. அரண்மனையில் காளைத்தலையும் சுருள்களும் தீட்டிய கூரைப் பகுதி ஒன்று இப்போது நியூயார்க் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகத்தில் உள்ளது.