பொன்முடியின் மழையும் பசுமைக்குடிலின் கூரையும்: ஸ்ட்ராபெரி வந்த வழி

கல்லாற்றைக் கடந்து 22 கொண்டை ஊசி வளைவுகள் ஏறினால் வரும் பொன்முடி, கடல்மட்டத்திலிருந்து சுமார் 1,100 மீட்டர் உயரத்தில் உள்ளது. தேயிலைக்கு இவ்வுயரம் போதுமானதாக இருந்தது. ஸ்ட்ராபெரிக்கோ இது ஐயத்திற்குரிய எல்லை. கேரளத்தில் இப்பழத்திற்குப் பெயர்பெற்ற வட்டவடையும் காந்தளூரும் இதைவிடக் கணிசமாக உயர்ந்தவை. உதகை ஏறத்தாழ இருமடங்கு உயரம். ஆகவே பொன்முடியில் ஸ்ட்ராபெரி என்றால் பசுமைக்குடில் என்றே பொருள். மலை என்றாலே ஐரோப்பியப் பழம் விளையும் என்ற எண்ணம், ஆங்கிலேயர் கோடை வாசத்திற்கு மலையேறிய 19ஆம் நூற்றாண்டு நமக்கு விட்டுச் சென்றது. அது இரு வகையில் பிழையானது. முதலாவதாக, இப்பழம் முழுமையாக ஐரோப்பியப் பழம் அன்று.

1712ஆம் ஆண்டு ஸ்பானியக் குடியேற்றத் துறைமுகங்களை வேவு பார்க்கச் சிலிக்கு அனுப்பப்பட்ட பிரெஞ்சுப் படைப்பொறியாளர் அமேதே பிரான்சுவா பிரெசியே, அங்கே மாப்புச்சே மக்கள் நெடுங்காலமாகப் பயிரிட்டுவந்த பெருங்கனி ஸ்ட்ராபெரியைக் கண்டார். 1714இல் அவர் நாடு திரும்பியபோது உயிருடன் இருந்தவை ஐந்து செடிகளே. காய்ப்புள்ளவற்றையே தேர்ந்தெடுத்ததால் அனைத்தும் பெண் செடிகளாக அமைந்துவிட்டன. தனித்து நடப்பட்டவை பூத்தன, காய்க்கவில்லை. வட அமெரிக்காவிலிருந்து வந்திருந்த வர்ஜீனிய இனம் அருகில் நடப்பட்ட பின்னரே கனி கிட்டியது. இவ்விரண்டின் கலப்பே இன்றைய தோட்ட ஸ்ட்ராபெரி என்பதை 1766இல் அந்துவான் நிக்கோலா துஷேன் தம் நூலில் நிறுவினார். இரு பெற்றோரும் அமெரிக்கக் கண்டத்தவை. ஐரோப்பா தந்தது தோட்டத்தை மட்டுமே. சிலியின் வேளாண் மக்கள் செய்த தேர்வு, பெரும்பாலான பயிர் வரலாறுகளில் ஒரு வரிக்குமேல் இடம்பெறுவதில்லை.

இரண்டாவது பிழை உயரம் பற்றியது. 1920இல் கார்னரும் அல்லார்டும் பகல்நீளத்திற்கும் பூப்பிற்கும் உள்ள உறவை வெளியிட்ட பின், பழைய தோட்டக்காரர் பலருடைய குழப்பங்களுக்கு விடை கிடைத்தது. ஸ்ட்ராபெரியின் பெரும்பாலான வகைகள் குறும்பகலில் பூமொட்டுக் கட்டுபவை. பொன்முடி ஏறத்தாழ 8.75 பாகை வட அகலாங்கில் உள்ளது; ஆண்டின் மிக நீண்ட பகலுக்கும் மிகக் குறுகிய பகலுக்கும் இடையே அங்கு ஒரு மணிநேர வேறுபாடுதான். ஒளியைப் பொறுத்தவரை அங்கு ஆண்டு முழுவதும் குறும்பகலே. எனவே மொட்டுக் கட்டுவதைத் தீர்மானிப்பது இரவின் குளிர். அக்குளிரை உயரம் ஓரளவே தருகிறது. கூரை அதைத் தருவதேயில்லை.

அப்படியானால் குடில் எதற்கு? ஐரோப்பாவில் கண்ணாடி இல்லம் வெப்பத்தைச் சிறைப்பிடிக்கப் பிறந்தது. 1845இல் பிரிட்டன் கண்ணாடி மீதான வரியை நீக்கியபின் அது செல்வர் தோட்டங்களைத் தாண்டிப் பரவியது. 1948இல் கென்டக்கிப் பல்கலைக்கழகத்தின் எமெரி எம்மர்ட் கண்ணாடிக்குப் பதிலாக நெகிழித்தாளைப் பயன்படுத்தியதிலிருந்து இன்றைய பாலிஹவுஸ் வளர்ந்தது. பொன்முடியிலோ இதன் பணி தலைகீழாகிறது. தென்மேற்குப் பருவமழை ஓய்ந்து நடவுக்கு ஏற்ற மாதங்கள் வரும்போதே வடகிழக்குப் பருவமழை தொடங்கிவிடுகிறது. பழத்தில் நீர் தங்கினால் சாம்பல் பூஞ்சணம் வரும். ஆகவே இங்கு கூரை குடையாகிறது. பக்கங்களை அடைத்தால் பகல்வெப்பம் செடியை வாட்டும். கேரளத்தில் ‘மழைமறை’ என்னும் பெயரில் புழங்கும் எளிய கூரையமைப்பே இதற்குப் பொருத்தமான சொல்லும் பொருளும்.

வலையிட்டு அடைத்தால் தேனீயும் நுழையாது. மகரந்தம் சேராத விதைப்பகுதியில் சதை திரளாததால் பழம் கோணலாகிவிடும். கொடுக்கில்லாச் சிறுதேனீயைக் குடிலுக்குள் விட்டு ஜப்பானிய ஆய்வாளர்கள் 1990களிலேயே சோதித்திருக்கின்றனர். மூங்கில் குழாயிலும் மண்கலயத்திலும் அதே வகைத் தேனீயை வளர்ப்பது கேரளக் குடும்பங்களின் பழைய வழக்கம்.

கூரையை விடக் கடினமான கேள்வி, செடி யாருடையது என்பதாகும். ஸ்ட்ராபெரி விதையால் அன்றி ஓடுகொடியால் பெருக்கப்படுவது. 2010இல் புவிசார் குறியீடு பெற்ற மகாபலேஷ்வர் ஸ்ட்ராபெரியே வெளிநாட்டிலிருந்து இறக்குமதியாகும் தாய்ச்செடிகளைச் சார்ந்து நிற்கிறது. அங்கு பெருமளவில் பயிரான ‘ஸ்வீட் சார்லி’யும் ‘வின்டர் டான்’உம் புளோரிடாப் பல்கலைக்கழகம் உருவாக்கியவை. இடத்தின் பெயர் பழத்துக்கு, உரிமை வேறிடத்தில்! பொன்முடியில் குடில் எழுப்புவோரும் இச்சார்பிலிருந்தே தொடங்க வேண்டியிருக்கும்.

இத்தனைக்கும் தென்னிந்திய மலைகளுக்கென ஒரு காட்டு ஸ்ட்ராபெரி உண்டு. நீலகிரியின் பெயரையே தாங்கிய ‘பிரகேரியா நீல்கெரென்சிஸ்’ இமயம், சீனா வரையிலும் பரவியுள்ளது. அதன் குரோமோசோம்கள் 14. தோட்டச் செடியில் 56. இவ்விரண்டும் எளிதில் கலப்பதில்லை. ஆயினும் ஜப்பானிய ஆய்வாளர்கள் கலந்தனர். பீச் பழத்தின் மணமுடைய ‘தோகுன்’ என்னும் வகை அவ்வாறு பிறந்து, ஜப்பானில் விற்பனைக்கும் வந்தது.