தேனுவும் தேனும்

நம் வட்டத்தாரிடம் கவிதை கேட்டு வருவோரினும் குழந்தைக்குப் பெயர் கேட்டு வருவோரே மிகுதி. இனிய பெயரொன்றைச் சொல்லி, இனிய பொருளொன்றையும் உடன் கூட்டி அனுப்பிவிடுகிறோம். பெயரில் பிழையில்லை, பொருள் மெய்யா என்று எத்தனை முறை ஆராய்ந்தோம்?

மாடம்பாக்கத்துக் கோயிலில் இறைவன் தேனுபுரீசுவரர், அம்மை தேனுகாம்பாள். அம்மையின் பெயரைத் தழுவித் தேனுகா எனப் பெண்மகவுக்குப் பெயரிடுவோரிடம் 'தேன் போன்றவள்' என்றால் மகிழ்வர். ஆனால் தேனு வடசொல். கறவைப் பசு என்பது பொருள். கபில முனிவர் பசுவாகி இங்கே சிவனை வழிபட்டார் என்னும் தலபுராணமே அதற்குச் சான்று. வடமொழியில் அச்சொல்லின் முதலெழுத்து வேறொலி உடையது. தமிழெழுத்தில் அவ்வேறுபாடு மறைய, பசு தேனாயிற்று. ஒன்பதாம் மேளகர்த்தா இராகமும் தேனுகாவே. பாகவதத்தில் பலராமன் கொன்ற கழுதையுரு அசுரனும் தேனுகனே என்பதைப் பெற்றோரிடம் சொல்லாமல் விடுவது நலம்!

நம் அண்டை ஊராகிய பல்லாவரத்தில் 1911 முதல் வாழ்ந்த சுவாமி வேதாசலம், 1916-இல் மறைமலை ஆனார். வேதம் மறை, அசலம், அசையாதது, மலை. சொல்லைப் பிரித்து வேரறிந்த பின்னரே மாற்றினார். அவருக்கு முன்பே கிறித்தவக் கல்லூரித் தமிழாசிரியர் சூரியநாராயண சாஸ்திரியார் (1870-1903) தம் பெயரைப் பரிதிமாற் கலைஞர் என ஆக்கியிருந்தார். சூரியன் பரிதி, நாராயணன் மால், சாஸ்திரி கலைஞர். அளந்து வைத்தாற் போன்ற மொழியாக்கம். எனினும் சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதி பரிதியை வடசொல்லாகவே காட்டும். தமிழ் வேர் காட்டுவோரும் உளர். தனித்தமிழ்ப் பெயர்களுள் முன்னோடியான ஒன்றிலேயே வழக்கு இன்னும் முடிந்தபாடில்லை. வடசொற்களுக்குத் தமிழ் அகரவரிசை தொகுத்த அடிகளாரின் மகளார் நீலாம்பிகை அம்மையாரோ இறுதிவரை வடமொழிப் பெயரையே தாங்கியிருந்தார். அதனால் அவர் தமிழுக்கு என்ன குறை?

ஊர்ப்பெயரிலும் இதே கதைதான். திருமறைக்காடு வேதாரணியம் ஆயிற்று. மரை என்னும் மான் வாழ்ந்த 'மரைக்காடு' என்பதே பழம்பெயர் என்பார் உளர். கேட்க அழகாயிருக்கிறது. ஆனால் தேவாரத்தில் காண்பது மறைக்காடே. அதற்கு முந்திய சான்றைக் காட்டும் கடமை அவர்களுடையது. கவிஞர்களாகிய நாமே இத்தகைய அழகில் முதலில் மயங்குகிறோம். எதுகை நம் கண்ணை மறைத்துவிடுகிறது.

சான்று கிடைத்தால் வழக்கு எப்படி முடியும் என்பதற்கு அதியமானின் பெயரே போதும். அசோகன் கல்வெட்டுகள் சோழர், பாண்டியர், கேரளபுத்திரரோடு சத்தியபுத்திரரையும் கூறும். 'வாய்மையின் மக்கள்' எனப் பொருள் கொண்டு அறிஞர் அவர்களைப் பல நாடுகளில் தேடினர். அதியரே அவர் என ஊகித்தோரும் இருந்தனர், கையில் சான்றில்லை. 1981-இல் திருக்கோவலூரை அடுத்த ஜம்பையில் ஒருவரிக் கல்வெட்டொன்று கண்டறியப்பட்டது. குகைப் பள்ளியொன்றை ஈந்தவனாக அதியன் நெடுமான் அஞ்சியை அது குறிக்கிறது. பெயருக்கு முன்னே 'ஸதியபுதோ' என்னும் பட்டமும் நிற்கிறது. சொல்முதற் சகரம் தமிழில் கெடுவதுண்டு; மகன் என்பது மான் எனக் குறுகுவதும் உண்டு. சதியன் அதியனாக, புத்திரன் மகனாக, இரு பெயரும் ஒன்றாயின. வாய்மைக்கும் அப்பெயருக்கும் இருந்த உறவு, வடநாட்டுச் செவி தமிழ்க்குடிப் பெயரைத் தனக்குப் பழகிய சொல்லாகக் கேட்டதால் வந்தது. தேனுவைத் தேனாகக் கேட்கும் நம் செவி செய்வதும் அதுவே.

சில திங்களுக்கு முன் நண்பரொருவர் பேரனுக்கு அதியன் என்று பெயரிட விழைந்து பொருள் கேட்டார். பொருளுரைக்காது ஜம்பைக் கல்லின் கதையைச் சொன்னேன். நெடுநேரம் கேட்டிருந்தார். அப்பெயரையே இட்டார்.